திடீர் அதிசயம்

டென்னிஸில் வசதியுள்ளவன் ஜெயித்தால் அது திறமை. வசதியில்லாதவன் ஜெயித்தால் அது அதிசயம். இந்த இலக்கண விதிப்படி 2021 பிப்ரவரியில் மெல்பர்ன் நகரில் ஓர் அதிசயம் பதிவானது. பெயர் அஸ்லான் கரட்சேவ். வயது 27. உலகத் தரவரிசை 114. நாடு ரஷ்யா என்று எழுதிக்கொண்டார்கள். அந்தக் கூத்தைப் பிறகு பார்ப்போம்.

தகுதிச் சுற்றில் ஆடி உள்ளே வந்தவர் அவர். கொரோனா காலம் என்பதால் அந்த வருடத்து ஆடவர் தகுதிச் சுற்றை ஆஸ்திரேலியாவிலேயே வைக்கவில்லை. தோஹாவில் நடத்தி, தேறியவர்களை மட்டும் விமானம் ஏற்றினார்கள். அப்படி வந்தவர், போட்டியில் எட்டாம் தரநிலை பெற்றிருந்த டியேகோ ஷ்வார்ட்ஸ்மனை 6-3, 6-3, 6-3 என்று ஒரே அளவில் நறுக்கி அனுப்பினார். அடுத்து ஃபெலிக்ஸ் ஓஷே-அலியாசிமிடம் முதல் இரண்டு செட்டையும் விட்டுவிட்டு, மிச்சமிருந்த மூன்றையும் பிடுங்கினார். காலிறுதியில் கிரிகோர் டிமிட்ரோவ் வீழ்ந்தார். அரையிறுதியில் ஜோகோவிச் நிறுத்தினார். பிரதானச் சுற்றில் ஆடிய முதல் கிராண்ட் ஸ்லாமிலேயே அரையிறுதி கண்ட ஆண் ஓபன் யுகத்தில், அதாவது 1968 முதல், வேறு எவரும் இல்லை.

உடனே தொடங்கியது மங்கள வாத்தியம். கனவு என்றார்கள், மாயம் என்றார்கள், எங்கோ இருந்து திடீரென்று முளைத்தார் என்றார்கள்.

திடீரென்று முளைத்தாராம்! முளைப்பதற்கு முன்னால் கிராண்ட் ஸ்லாம் தகுதிச் சுற்றுகளில் ஒன்பது முறை முட்டிப் பார்த்துத் திரும்பியிருக்கிறார். 1993இல் வடக்கு ஒசேத்தியாவின் விளாடிகாவ்காஸ் நகரில் பிறந்தவர். காகசஸ் மலையடிவாரம் துப்பாக்கிச் சத்தத்தில் கிடந்த காலம் அது. மூன்று வயதில் குடும்பத்தோடு இஸ்ரேல் போனார். மட்டை பிடிக்கப் பழகியது அங்கேதான். பன்னிரண்டு வயதில் தந்தையோடு ரஷ்யா திரும்பினார். தாயும் சகோதரியும் இஸ்ரேலிலேயே இருந்தார்கள். பிறகு டாகன்ரோக், ரோஸ்தோவ், மாஸ்கோ. பிறகு ஜெர்மனியில் ஹாலே. பிறகு பார்சிலோனா. 2017இல் முழங்கால் போய் மாதக்கணக்கில் உட்கார்ந்தார். கடைசியில் பெலாரஸ் நாட்டுப் பயிற்சியாளர் யாகோர் யாட்ஸிக் மின்ஸ்க் நகரில் வைத்து அவரைச் செப்பனிட்டார். 2020இல் பிராக், ஆஸ்ட்ராவா என்று இரண்டு சேலஞ்சர் கோப்பைகள் வந்தன. அதை யாரும் நேரலையில் பார்த்துக் கைதட்டவில்லை. சேலஞ்சர் என்பது டென்னிஸ் உலகின் கொல்லைப்புறம். விருந்தாளிகள் அந்தப் பக்கம் போவதில்லை.

ஒரு மனிதன் ஐந்தாறு ஊர்களில் பையைத் தூக்கிக்கொண்டு பத்து வருடம் அலைந்ததை ஒற்றைச் சொல்லில் துடைத்துப் போடும் வசதி ‘அதிசயம்’ என்ற சொல்லுக்கு மட்டும்தான் உண்டு. அதிசயத்துக்குக் கணக்கு கேட்க முடியாதல்லவா? கேட்டுப் பார்ப்போம்.

மெல்பர்னுக்கு வந்து இறங்கியபோது கரட்சேவ் தன் தொழில் வாழ்க்கை முழுக்கச் சம்பாதித்திருந்த பரிசுப் பணம் சுமார் 6 லட்சத்து 18 ஆயிரம் அமெரிக்க டாலர். கேட்க நிறையத்தான் இருக்கிறது. இதில்தான் விமானம், விடுதி, சாப்பாடு, மட்டைக்கு நரம்பு, மருத்துவர், பயிற்சியாளர், ஒவ்வொரு நாட்டு வரி எல்லாம். பத்து வருடத்தில் வகுத்துவிட்டு, செலவையும் கழித்தால் மிஞ்சுவது என்ன என்று பள்ளிப் பிள்ளையும் சொல்லும். அந்த ஒரே அரையிறுதிக்குக் கிடைத்தது எட்டரை லட்சம் ஆஸ்திரேலிய டாலர். அமெரிக்கக் கணக்கில் அது அவருடைய அதுவரையிலான மொத்தச் சம்பாத்தியத்தைவிட அதிகம். இரண்டு வாரம் ஒரு தட்டில், பத்து வருடம் மறு தட்டில். தராசு இரண்டு வாரத்தின் பக்கம் சாய்கிறது. இதைப் பார்த்துத் தலைகுனிய வேண்டியவர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

இது ஒருவர் கதையல்ல என்பதற்குச் சாட்சி வேறு யாருமில்லை, சர்வதேச டென்னிஸ் சம்மேளனமேதான். 2013ஆம் ஆண்டுக் கணக்கை எடுத்து அவர்களே ஆராய்ந்தார்கள். சுமார் 14 ஆயிரம் பேர் தொழில்முறைப் போட்டிகளில் ஆடியிருக்கிறார்கள். கிட்டத்தட்டப் பாதிப் பேருக்கு ஒரு பைசா பரிசு இல்லை. ஆண் ஆட்டக்காரர் ஒருவர் வருடம் முழுக்கச் சுற்றி ஆடப் பயிற்சியாளர் சம்பளம் இல்லாமலேயே சுமார் 38,800 டாலர் வேண்டும். கையைக் கடிக்காமல் பிழைக்க உலகில் 336ஆம் இடத்துக்குள் இருக்க வேண்டும். உலகத்திலேயே நானூறாவது சிறந்த தச்சன் பட்டினி கிடப்பானா? நானூறாவது சிறந்த வக்கீல்? நானூறாவது சிறந்த டென்னிஸ் ஆட்டக்காரன் அடுத்த ஊருக்கு டிக்கெட் போட அப்பாவிடம் கை நீட்டுகிறான். மொத்தப் பரிசே 15 ஆயிரம் டாலர் என்கிற அடிமட்டப் போட்டியில் முதல் சுற்றில் தோற்றால் 156 டாலர். அதைத் தோற்பதற்கும் கண்டம் தாண்டிப் போக வேண்டும்.

இப்படிப்பட்ட நிலைமையைக் கண்டுபிடித்த சம்மேளனம் என்ன செய்தது? வியாபாரம் செய்தது. அந்த ஏழைகளின் ஆட்டத்தை யார் பார்ப்பார்கள் என்று நாம் நினைப்போம். சூதாடி பார்ப்பான். காலி நாற்காலிகளுக்கு நடுவே முன்னூறாவது ஆள் ஐந்நூறாவது ஆளோடு மோதும் ஆட்டத்தின் புள்ளிகளை நடுவரின் கையடக்கக் கருவியிலிருந்து அப்படியே நேரலையாக எடுத்து, பந்தய நிறுவனங்களுக்குப் போய்ச் சேரும்படி ஸ்போர்ட்ரேடார் என்ற தரவு நிறுவனத்துக்கு விற்றார்கள். 2012இல் தொடங்கிய ஏற்பாட்டை 2015இல் புதுப்பித்தபோது பேசிய விலை ஐந்து வருடத்துக்கு 7 கோடி டாலர். ஆடுகிறவனுக்கு 156, அவன் ஆடுவதை விற்றதற்கு 7 கோடி.

அதன்பின் நடந்ததுதான் உச்சம். அடிமட்டத்தில் ஆட்டம் விற்கப்படுகிறது, செட்டை விட்டுக்கொடுத்துக் காசு வாங்குகிறார்கள் என்று ஊரெல்லாம் நாறியது. ஒழுக்கக் காவலர்கள் பாய்ந்தார்கள். ரஷ்யர்கள் உட்படப் பல நாட்டுச் சில்லறை ஆட்டக்காரர்களுக்கு வாழ்நாள் தடை. செய்தவர்கள் தண்டனைக்குரியவர்கள்தான், மறுக்கவில்லை. பெரும்பாலோர் நேர்மையாகவே ஆடி நேர்மையாகவே கடன்பட்டார்கள். ஆனால் ஒரு செட்டைச் சில ஆயிரத்துக்கு விற்றவன் குற்றவாளி. எல்லா செட்டையும் மொத்தமாகக் கோடிக்கு விற்றவர் வளர்ச்சிப் பணியாளர். ஆடம் லூயிஸ் தலைமையிலான சுயேச்சைக் குழு 2018இல் அறிக்கை கொடுத்து, அடிமட்டப் போட்டிகளின் நேரடிப் புள்ளி விற்பனையை நிறுத்துங்கள் என்று நேராகவே சொன்னது. உலகில் ஆண்கள் பெண்கள் இரு பக்கத்திலும் சில நூறு பேர்தான் நட்டமில்லாமல் பிழைக்கிறார்கள் என்றும் எழுதி வைத்தது.

சம்மேளனத்துக்கு உறைத்தது. 2019 ஜனவரியில் வறுமையை ஒழித்தார்கள். எப்படி? 15 ஆயிரம் டாலர் போட்டிகளில் ஜெயித்தால் இனி உலகத் தரவரிசைப் புள்ளி கிடையாது. தொழில்முறை ஆட்டக்காரர் என்ற பெயரே ஆண்களில் 750 பேர், பெண்களில் 750 பேருக்குத்தான் என்று ஒரு திட்டம். பசித்தவனுக்குச் சோறு போடுவது சிரமம். பசித்தவர் பட்டியலிலிருந்து பெயரை அடிப்பது சுலபம். ஆட்டக்காரர்கள் போட்ட கூச்சலில் அந்த வருடம் முடிவதற்குள்ளேயே திட்டத்தைச் சுருட்டிக்கொண்டார்கள். அந்த வருடமும் கரட்சேவ் இதே கொல்லைப்புறத்தில்தான் ஆடிக்கொண்டிருந்தார். பேனா முனை இன்னும் கொஞ்சம் மேலே ஏறியிருந்தால் மெல்பர்ன் அதிசயம் எங்கோ ஒரு கிளப்பில் குழந்தைகளுக்கு மட்டை பிடிக்கக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருக்கும்.

சரி, தாய்நாடு இருக்கிறதே, அது பார்த்துக்கொள்ளாதா?

ரஷ்ய டென்னிஸின் தாயும் தந்தையும் ஒருவரே: ஷமில் தார்பிஷ்சேவ். அதிபர் யெல்ட்சினுக்கு டென்னிஸ் சொல்லிக்கொடுத்தவர், அவருடைய விளையாட்டு ஆலோசகர். மட்டை பிடிக்கும் அதிபரின் பக்கத்தில் நிற்பதற்கு என்ன மதிப்பு என்பதை 1990களின் மாஸ்கோ நன்றாகவே அறியும். அவர் உருவாக்கிய தேசிய விளையாட்டு நிதியத்துக்கு மதுவும் சிகரெட்டும் சுங்கவரி இல்லாமல் இறக்குமதி செய்யும் சலுகை கிடைத்தது. விளையாட்டை வளர்க்க வோட்கா! உடல்நலத்துக்குப் புகையிலை! 1999 முதல் ரஷ்ய டென்னிஸ் சம்மேளனத் தலைவரும் அவரே. 2014இல் தொலைக்காட்சியில் செரீனா, வீனஸ் இருவரையும் ‘வில்லியம்ஸ் சகோதரர்கள்’ என்று நையாண்டி செய்ததற்காகப் பெண்கள் டென்னிஸ் சங்கம் 25 ஆயிரம் டாலர் அபராதமும் ஒரு வருடத் தடையும் விதித்தது. நாற்காலி அசையவில்லை. அதிபர்கள் மாறினார்கள், கொடிகள் போயின, நாற்காலி மட்டும் இருக்கிறது.

அந்த நாற்காலியின் கண்ணெதிரே பிள்ளைகள் ஒவ்வொருவராகக் கஜகஸ்தான் போனார்கள். எண்ணெய்ப் பணம் பெருத்த நாடு. அங்கே 2007 முதல் டென்னிஸ் சம்மேளனத்துக்குத் தலைமை தாங்கிய கோடீஸ்வரர் புலாத் உதெமுராதோவ், ‘வா, செலவு என்னுடையது’ என்றார். குகுஷ்கின், கோலுபெவ், ஷ்வேதோவா, புப்லிக் என்று ஒரு பட்டியலே கிளம்பியது. 2018இல் மாஸ்கோ பெண் எலெனா ரைபாகினாவும் போனார். மாஸ்கோ தடுக்கவில்லை. 2022இல் அவர் விம்பிள்டன் ஜெயித்த மறுகணமே தார்பிஷ்சேவுக்கு ஞாபகம் வந்துவிட்டது: ரஷ்யப் பள்ளியில் விளைந்த பெண் என்று பெருமையில் பங்கு கேட்டார். செலவுக்கு வராத மாமன் சீருக்கு வந்து நிற்கிற கதை.

கரட்சேவ் கஜகஸ்தான் போகவில்லை. போயிருந்தால் புத்திசாலி என்றுதான் சொல்வேன். போகாததற்குக் கிடைத்த பரிசு கொடி. அல்லது கொடி இல்லாமை.

2021 ஜூலை, டோக்கியோ ஒலிம்பிக். கரட்சேவும் எலெனா வெஸ்னினாவும் கலப்பு இரட்டையர் இறுதிக்கு வந்தார்கள். எதிரே பாவ்லியுசென்கோவாவும் ருப்லெவும். நான்கு பேரும் ரஷ்யர்கள். ரஷ்யா மட்டும் இல்லை. அரசாங்கமே ஊக்கமருந்து ஊற்றிக்கொடுத்து, சோதனைக்கூடத்தில் புட்டி மாற்றி, பிடிபட்ட பிறகு சோதனைக்கூடத் தரவையும் திருத்திய குற்றத்துக்காக நாட்டின் பெயருக்குத் தடை. ஆகவே ‘ரஷ்ய ஒலிம்பிக் குழு’ என்ற பெயரில் ஆடினார்கள். தேசிய கீதத்துக்குப் பதில் சைக்கோவ்ஸ்கியின் பியானோ. கடைசி டைபிரேக்கில் 11-13 என்று தோற்று வெள்ளி வாங்கினார் கரட்சேவ். அந்த டிசம்பரில் டேவிஸ் கோப்பை ஜெயித்த அணியிலும் இருந்தார். அங்கே நாட்டுக்குப் பெயர் ‘ரஷ்ய டென்னிஸ் சம்மேளனம்’. ஊக்கமருந்து ஆலையை நடத்திய மேலிடத்தில் எத்தனை பேர் ராத்தூக்கம் இழந்தார்கள் என்று தெரியாது. பெயரை இழந்தவர்கள் மைதானத்தில் நின்றவர்கள்.

அந்த வருடம் அவர் வேறு எதையும் விட்டுவைக்கவில்லை. மார்ச்சில் துபாய்க் கோப்பை. ஏப்ரலில் பெல்கிரேடில், ஜோகோவிச்சின் சொந்த ஊரில், அவரையே 7-5, 4-6, 6-4 என்று தோற்கடித்தார். அக்டோபரில் மாஸ்கோவில் மரின் சிலிச்சை வென்று கிரெம்ளின் கோப்பை. 2022 ஜனவரியில் சிட்னியில் ஆண்டி மர்ரியை வென்று இன்னொன்று. பிப்ரவரியில் உலகில் 14ஆம் இடம்.

கிரெம்ளின் கோப்பை என்ற பெயரைக் கொஞ்சம் நிறுத்திப் படிக்க வேண்டும். 1990 முதல் அந்தப் பெயரிலேயே நடந்த போட்டி. 2014 மார்ச்சில் கிரெம்ளின், கிரிமியாவை விழுங்கியது. அதே வருடம் அக்டோபரில் உலகத்து ஆட்டக்காரர்கள் வழக்கம்போல் மாஸ்கோவுக்கு வந்தார்கள், ஆடினார்கள், கிரெம்ளின் பெயர் பொறித்த கோப்பையோடு படம் எடுத்துக்கொண்டார்கள். புள்ளி வழங்கப்பட்டது. காசோலை செல்லுபடியானது. அடுத்த வருடமும் வந்தார்கள். அதற்கடுத்த வருடமும். விளையாட்டில் அரசியல் கூடாது என்ற புனிதக் கொள்கை எட்டு வருடம் ஒரு கீறலில்லாமல் பளபளத்தது.

2022 பிப்ரவரி 24 அன்று டாங்கிகள் உக்ரைனுக்குள் நுழைந்தன. உயிர்கள் போயின, இன்னும் போகின்றன. அந்த ரத்தத்துக்கு மாஸ்கோவில் உட்கார்ந்து உத்தரவு போட்டவர்கள் பொறுப்பு. இதில் மழுப்பலுக்கு இடமில்லை. விம்பிள்டனில் ஒரு காலத்தில் ஃபெடரரைச் சாய்த்த உக்ரைன்காரர் செர்ஹி ஸ்டகோவ்ஸ்கி துப்பாக்கி ஏந்தக் கீவுக்குத் திரும்பினார். டாங்கிகள் நுழைந்த மறுநாளே துபாயில் ருப்லெவ் தொலைக்காட்சிக் கேமராவின் கண்ணாடியில் ‘போர் வேண்டாம்’ என்று எழுதினார். ஒருவர் உயிரைப் பணயம் வைத்தார், இன்னொருவர் தாய்நாட்டின் கோபத்தை. டென்னிஸ் நிர்வாகம் எதைப் பணயம் வைத்தது? திரையில் பெயருக்குப் பக்கத்தில் இருந்த சின்னச் சதுரத்தை அழித்தது. கொடி இருந்த இடம் காலி. நடுநிலை! ஆள் அதே, மட்டை அதே. பாவ விமோசனம் மட்டும் புதிது.

ஏப்ரலில் விம்பிள்டன் ஒரு படி மேலே போய் ரஷ்யர், பெலாரஸ்யர் எவரும் வரக் கூடாது என்றது. எதிர்ப்புக் காட்ட ஆண்கள் சங்கமும் பெண்கள் சங்கமும் விம்பிள்டனின் தரவரிசைப் புள்ளிகளைப் பறித்தன. பிரிட்டிஷ் டென்னிஸ் சங்கத்துக்கு ஆண்கள் சங்கம் 10 லட்சம் டாலர் அபராதம் போட்டது. பெண்கள் சங்கம் விம்பிள்டன் கிளப்புக்கும் சேர்த்துத் தன் பங்குக்குத் தீட்டியது. போர் ஒரு பக்கம் நடக்க, வெள்ளை உடுப்புக் கனவான்கள் ஒருவருக்கொருவர் பில் அனுப்பிக்கொண்டார்கள். ரஷ்யா ஓரங்குலம் பின்வாங்கவில்லை. கோப்பையை மாஸ்கோவில் பிறந்த பெண் கஜகஸ்தான் பெயரில் தூக்கினார். அவருக்குத் தரவரிசைப் புள்ளி பூஜ்யம். மறு வருடம், அதே போர் அதே உக்கிரத்தில் நடந்துகொண்டிருக்க, நடுநிலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு கதவைத் திறந்துவிட்டார்கள். முதல் வருடம் தர்மமாக இருந்தது அடுத்த வருடம் ஒரு படிவமாகச் சுருங்கியது.

கரட்சேவுக்கு இதில் எத்தனை நட்டம் என்று சொல்ல முடியாது. அந்த வருடம் அவர் ஆட்டமும் சரிந்தது, அதைப் போரின் தலையில் போட நான் தயாரில்லை. ஐம்பத்திரண்டு வாரம் ஆனதும் பழைய புள்ளிகள் உதிர்ந்துவிடும். அவை உதிர உதிர, 14இல் நின்றவர் நூறுக்கு வெளியே போனார். அதிசயம் என்று பட்டம் சூட்டியவர்களே ‘ஒருமுறை மின்னியவர்’ என்று பட்டத்தை மாற்றினார்கள்.

2023 ஏப்ரல் இறுதி, மாட்ரிட். 121ஆம் இடத்திலிருந்து மறுபடியும் தகுதிச் சுற்று. அதில் கடைசியாக யான்-லென்னார்ட் ஸ்ட்ரஃப் என்ற ஜெர்மானியரைத் தோற்கடித்து உள்ளே வந்தார் கரட்சேவ். யாரோ விலகியதால் தோற்ற ஸ்ட்ரஃபும் அதிர்ஷ்டத்தில் உள்ளே வந்தார். கரட்சேவ் தன் நாட்டு மெத்வெதெவைச் சாய்த்து அரையிறுதிக்குப் போனார். எதிரே அதே ஸ்ட்ரஃப். வாசலில் மோதிக்கொண்ட இருவர் நடுக்கூடத்தில் மறுபடி சந்தித்தார்கள். இம்முறை ஜெர்மானியர் வென்றார்.

அன்று மே 5. இன்னோர் அரையிறுதியை வென்ற உள்ளூர்ச் செல்லப்பிள்ளை கார்லோஸ் அல்கராஸுக்கு இருபதாவது பிறந்தநாள். அடுக்கடுக்காக ஒரு பிரம்மாண்டமான கேக்கைப் போட்டி நிர்வாகம் கொண்டுவந்தது. பெண்கள் பக்கத்தில் அரினா சபலென்காவுக்கும் அதே நாளில்தான் பிறந்தநாள். அவருக்கு வந்தது அதில் ஒரு துண்டளவு. கேக்கின் அளவு பற்றி மறுநாள் உலகமெல்லாம் சண்டை. ஆண் கேக் பெரிதா, பெண் கேக் சிறிதா என்று பத்திரிகைகள் நாடா வைத்து அளந்தன. வாசலில் இருந்து வந்த இருவர் ஆடிய அரையிறுதியைப் பற்றி நாலு வரி வந்தது. அதிலும் அதிசயம் என்றுதான் எழுதியிருந்தார்கள்.